ஃபின்லாந்தின் வீட்டுப் பொருள்கள்: போருக்குப் பிந்தைய வடிவமைப்பும் கைத்திறனும்

ஃபின்லாந்தில் 1945 முதல் 1970 வரையிலான கால்நூற்றாண்டில் உருவான தட்டு, குவளை, நாற்காலி, விளக்கு, துணி ஆகியவற்றுக்கு உலக வடிவமைப்பு வரலாற்றில் தனி இடம் உண்டு. இன்று அருங்காட்சியகப் பேழைக்குள் இருக்கும் அவற்றில் பல, இரண்டு அறை வீட்டின் சமையலறையில் நாள்தோறும் கழுவிக் கவிழ்க்கப்பட்டவை. வேறு சில, தொடக்கத்திலிருந்தே கண்காட்சிக்கென்று செய்யப்பட்டவை. இரண்டு வகையும் ஒரே ஆலைகளில், பல நேரம் ஒரே கலைஞர்களின் கையிலிருந்து வந்தன. 'ஃபின்லாந்து வடிவமைப்பு' என்று ஒரே பெயரில் இரண்டையும் சேர்த்துப் பேசுவது வழக்கமாகிவிட்டதால், நாட்டுக்குப் புகழ் தேடித்தந்தவை எவை, வீட்டு வேலையை எளிதாக்கியவை எவை என்ற வேறுபாடு கண்ணில் படாமல் போகிறது. இந்தக் காலகட்டத்தை ஆராயும்போது அந்த வேறுபாட்டைக் கையில் பிடித்துக்கொண்டே நடக்க வேண்டியிருக்கிறது.

முதலில் அந்த வீடுகள் எப்படி இருந்தன என்று பார்க்க வேண்டும். 1917இல் ரஷ்யாவிடமிருந்து விடுதலை பெற்ற ஃபின்லாந்து, 1939க்கும் 1945க்கும் இடையில் மூன்று போர்களைச் சந்தித்தது. சோவியத் ஒன்றியத்துடன் இரண்டு, கடைசியில் வடக்கே லாப்லாந்தில் ஜெர்மானியப் படையுடன் ஒன்று. நிலப்பரப்பில் ஏறத்தாழ பத்தில் ஒரு பங்கு பறிபோனது. வீபுரி நகரம் உள்ளிட்ட கரேலியாப் பகுதியிலிருந்து 4 லட்சத்துக்கும் அதிகமானோர் வீடு வாசலை விட்டு வந்தார்கள். அன்றைய மக்கள்தொகை 40 லட்சத்தை ஒட்டியது என்பதை நினைத்தால் இதன் சுமை புரியும். தோற்ற நாடு என்பதால் சோவியத் ஒன்றியத்துக்குப் போர் இழப்பீடும் கட்ட வேண்டியிருந்தது. 1938ஆம் ஆண்டு விலைக் கணக்கில் 30 கோடி டாலர் பெறுமான கப்பல்களும் எந்திரங்களும் மரப்பொருள்களும் எட்டு ஆண்டுகள் ரயிலிலும் கடலிலும் கிழக்கே போய்க்கொண்டிருந்தன. 1952இல்தான் அந்தக் கடன் தீர்ந்தது. ஹெல்சிங்கி ஒலிம்பிக் போட்டி நடந்ததும் அதே ஆண்டில். காப்பிப் பங்கீடு அதற்குப் பிறகும் தொடர்ந்து 1954இல் முடிவுக்கு வந்தது. காப்பி இல்லாமல் பொழுது விடியாத ஒரு நாட்டில் இது சிறிய செய்தி அன்று.

இந்தப் பஞ்சத்திலிருந்து இவ்வளவு நேர்த்தியான பொருள்கள் எப்படி வந்தன என்ற கேள்விக்கு, போருக்கு முந்தைய எழுபது, எண்பது ஆண்டுகளில் பாதி விடை இருக்கிறது. 1866ஆம் ஆண்டின் தொடக்கப்பள்ளிச் சட்டத்தை வடிவமைத்த ஊனோ சிக்னேயுஸ், கைவேலையைப் பாடத்திட்டத்தின் உறுப்பாகவே வைத்தார். தச்சு, நெசவு, தையல் ஆகியவை தொழில் கற்பதற்காக மட்டுமல்லாமல், கண்ணும் கையும் பழகுவதற்காகவும் கற்பிக்கப்பட்டன. 1871இல் ஹெல்சிங்கியில் கைவினைப் பள்ளி ஒன்று தொடங்கியது. பிற்காலக் கலைத்தொழில் கல்லூரிக்கு அதுதான் வேர். 1875இல் கலைத்தொழில் சங்கமும், 1879இல் ஓவியர் ஃபான்னி சுர்பெரியின் முயற்சியால் ஃபின்லாந்து கைவினை நண்பர்கள் சங்கமும், 1911இல் வடிவமைப்பாளர்களுக்கான ஒர்னாமோ சங்கமும் உருவாயின. 1900ஆம் ஆண்டின் பாரிஸ் கண்காட்சியில், ரஷ்யப் பேரரசின் கீழ் இருந்தபோதே, ஃபின்லாந்து தனி அரங்கு எழுப்பித் தன்னைத் தனி நாடாகக் காட்டிக்கொண்டது. அரசியலால் சொல்ல முடியாததைக் கைப்பொருளால் சொல்லும் பழக்கம் அங்கிருந்தே தொடங்குகிறது. நீண்ட குளிர்காலத்தில் கரண்டியும் கோடரிக் கைப்பிடியும் செதுக்கிய உழவர் வீட்டுக் கைத்திறன் இவற்றுக்கெல்லாம் அடியில் இருந்தது.

நவீன வடிவமைப்பின் முதல் பெரிய அலை 1930களில் எழுந்தது. காசநோயாளிகளுக்கான பாய்மியோ மருத்துவமனையை 1933இல் கட்டி முடித்த அல்வார் ஆல்டோ, அதற்குள் இருக்க வேண்டிய நாற்காலி, விளக்கு, கைகழுவும் தொட்டி வரை சிந்தித்தார். எஃகுக் குழாயில் நாற்காலி செய்வது அன்றைய ஐரோப்பிய நவீனர்களின் மோகம். ஆல்டோ அதை விட்டு, ஃபின்லாந்தின் காடுகளில் வேண்டிய மட்டும் கிடைத்த பிர்ச் மரத்துக்குத் திரும்பினார். தூர்க்கு நகரில் மரச்சாமான் ஆலை நடத்திய ஓட்டோ கொர்ஹொனெனுடன் பல ஆண்டு சோதனை செய்து, கெட்டிப் பிர்ச் கட்டையைச் செங்கோணமாக வளைக்கும் முறையைக் கண்டார். கட்டையின் ஒரு முனையை இழையோட்டத்திலேயே பல கீற்றுகளாக அறுத்து, ஒவ்வொரு பிளவிலும் மெல்லிய மரத்தகட்டைப் பசையிட்டுச் செருகி, பிறகு வளைப்பார்கள். பசை இறுகியதும் வளைவு நிலைத்துவிடும். இப்படி வளைத்த மூன்று கால்களை ஒரு வட்டப் பலகையின் அடியில் திருகாணியால் முடுக்கினால் போதும், 1933ஆம் ஆண்டின் புகழ்பெற்ற முக்காலி தயார். அதற்கு எண் 60 என்று பெயர். தமிழில் முக்காலி என்ற சொல் அதன் முழு வடிவத்தையும் சொல்லிவிடுகிறது. ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினால் கால்கள் சுருள் படிபோல் மேலேறும். பள்ளி, நூலகம், மழலையர் கூடம், சமையலறை என்று எல்லா இடத்துக்கும் அது போனது. 1935இல் அல்வார், அவர் மனைவி ஐனோ, மைரே குல்லிக்சென், நில்ஸ் குஸ்தாவ் ஹால் ஆகிய நால்வரும் ஆர்தேக் நிறுவனத்தைத் தொடங்கியது இத்தகைய மரச்சாமான்களை விற்கத்தான்.

ஐனோ ஆல்டோவின் பங்கு வெகுநாள் கணவரின் நிழலில் மறைந்திருந்தது. 1932இல் அவர் வரைந்த, நீரில் கல் விழுந்ததும் விரியும் வளையங்களைப் போன்ற வரிகள் கொண்ட அழுத்துக் கண்ணாடிக் குவளை, இந்த வரலாற்றில் ஒரு முக்கியத் தொடக்கம். அச்சில் அழுத்தி வார்க்கும் மலிவுக் கண்ணாடியில் குமிழும் கோடும் விழுவது இயல்பு. வளைய வரிகள் அந்தக் குறையை மறைத்தன, குவளைக்கு உறுதி தந்தன, நழுவாமல் பிடிக்கவும் உதவின. அழகும் சிக்கனமும் ஒரே கோட்டில் சேர்ந்த அந்தக் குவளையை, 1936இல் அல்வார் வரைந்த அலை விளிம்புப் பூச்சாடியைவிட இந்தக் கட்டுரையின் பொருளுக்கு நெருக்கமானதாகக் கொள்ளலாம்.

போர் முடிந்ததும் அவசரத் தேவை வீடு. கரேலியாவிலிருந்து வந்தவர்களுக்கும் போர்முனையிலிருந்து திரும்பியவர்களுக்கும் அரசு நிலம் வழங்கியது. அந்த நிலங்களில் ஆயிரக்கணக்கில் எழுந்த மரவீடுகளை 'போர்வீரர் வீடு' என்றே இன்றும் மக்கள் அழைக்கிறார்கள். கூர்ங்கூரை, ஒன்றரை மாடி, நடுவில் ஒரே புகைபோக்கி, அதைச் சுற்றி நான்கு திசையிலும் அறைகள். ஒரு அடுப்பின் சூடு எல்லா அறைக்கும் எட்ட வேண்டும் என்ற கணக்கு அதில் இருந்தது. குடும்பத்தினரே அக்கம்பக்கத்தார் உதவியோடு கட்டிக்கொள்ளும்படி வரைபடங்கள் எளிதாக இருந்தன. 1942இல் கட்டடக் கலைஞர் சங்கம் நிறுவிய தரப்படுத்தல் கழகம், கதவு, ஜன்னல், படிக்கட்டு, சமையல் மேடை ஆகியவற்றின் அளவுகளைத் தனித்தனி அட்டைகளாக அச்சிட்டது. அதன் பின்னணியில் இருந்தவர்களுள் ஆல்டோவும் ஒருவர். ஒவ்வொரு அட்டையும் ஒரு தச்சன் கையில் வைத்துக்கொண்டு வேலை செய்யக்கூடிய அளவுக்குத் தெளிவானது. பின்னால் வந்த தட்டுக்கும் நாற்காலிக்கும் இந்த அளவுச் சிந்தனைதான் அடிப்படை. அலமாரியின் ஆழம் தெரிந்தால்தான் தட்டின் விட்டம் முடிவாகும்.

இந்தச் சமையலறையில் பிறந்த பொருள்களில் மிகப் பயனுள்ளது எது என்று கேட்டால், அது எந்தக் கண்காட்சியிலும் பரிசு வாங்காத ஒன்றாகத்தான் இருக்கும். வீட்டு வேலைத்திறன் ஆய்வு நிறுவனத்தில் பணியாற்றிய மையூ கெபார்ட், 1944-45இல் பாத்திரம் உலர்த்தும் அலமாரியை வடிவமைத்தார். கழுவுதொட்டிக்கு நேர் மேலே தொங்கும் சாதாரண அலமாரிதான். ஆனால் அதன் அடுக்குப் பலகைகளுக்குப் பதிலாகக் கம்பிச் சட்டங்கள் இருக்கும், அடிப்பக்கம் திறந்திருக்கும். கழுவிய தட்டை ஈரத்தோடு மேலே செருகிவிட்டால் நீர் தொட்டியிலேயே சொட்டும். துடைக்க வேண்டாம், எடுத்து வைக்கவும் வேண்டாம். கதவைச் சாத்தினால் சமையலறை ஒழுங்காகிவிடும். இதையொத்த யோசனைக்கு 1930களில் அமெரிக்காவில் காப்புரிமை பெறப்பட்டிருந்தாலும், அதைச் செம்மையாக்கி ஒரு நாட்டின் வழக்கமாக மாற்றியது ஃபின்லாந்துதான். 1948இல் என்ஸோ குட்ஸைட் நிறுவனம் இதை ஆலையில் செய்யத் தொடங்கியது. வீட்டு வேலை செய்யும் பெண்ணின் ஒவ்வொரு அசைவையும் எண்ணி, அதில் எதைக் குறைக்கலாம் என்று கேட்ட அறிவியல் மனம் அந்த அலமாரியில் இருக்கிறது. வடிவமைப்பு வரலாறுகளில் இதற்குக் கிடைத்த பக்கங்கள் அநியாயமாகக் குறைவு.

அதே கேள்வியை மேசைக்குக் கொண்டுவந்தவர் காய் ஃப்ராங்க். 1911இல் வீபுரியில் பிறந்த இவர் 1945இல் அராபியா பீங்கான் ஆலையில் சேர்ந்தார். அராபியா என்பது 1873இல் ஸ்வீடனின் ரோர்ஸ்ட்ராண்ட் நிறுவனம் ஹெல்சிங்கியின் புறப்பகுதி ஒன்றில் தொடங்கிய ஆலை. அந்தப் பகுதியின் பெயர்தான் அராபியா, பாலைவன நாட்டுக்கும் அதற்கும் தொழில் தொடர்பு ஏதும் இல்லை. 1930களின் இறுதியில் ஐரோப்பாவின் மிகப் பெரிய பீங்கான் ஆலைகளுள் ஒன்றாக அது வளர்ந்திருந்தது. அங்கே புழங்குபொருள் வடிவமைப்புக்குப் பொறுப்பேற்ற ஃப்ராங்க் முன் இருந்த எதிரி, பன்னிரண்டு பேருக்கான முழு விருந்துத் தொகுதி. பொன்விளிம்பும் பூவேலையும் கொண்ட அந்தத் தொகுதி பல பெண்களின் திருமணக் கனவு. அதில் சூப்புக்கு ஒரு தட்டு, மீனுக்கு ஒன்று, இனிப்புக்கு ஒன்று, குழம்புக்குத் தனிக் கிண்ணம். ஆண்டில் ஓரிரு முறை வெளியே வரும். ஒன்று உடைந்தால் மொத்தமும் ஊனமாகும். நகரக் குடியிருப்பின் சிறிய சமையலறையில் அதை வைக்க இடமும் கிடையாது.

ஃப்ராங்க் செய்த கழித்தல் கணக்கின் பெயர் கில்தா. கைவினைஞர் சங்கத்தைக் குறிக்கும் சொல் அது. 1953இல் விற்பனைக்கு வந்த அந்த வரிசையில் வடிவங்கள் வட்டம், சதுரம், நீள்சதுரம் என்ற மூன்றுக்குள் அடங்கின. தட்டின் அகன்ற விளிம்பை நீக்கியதால் அதே இடத்தில் அதிகம் கொள்ளும், நெருக்கமாக அடுக்கவும் முடியும். ஒரு கிண்ணத்தின் மூடி இன்னொன்றுக்கும் பொருந்தும். அடுப்பில் வைத்ததையே மேசைக்குக் கொண்டுவரலாம், மிச்சத்தை அதிலேயே மூடி வைக்கலாம். வெள்ளை, கறுப்பு, மஞ்சள், பச்சை, நீலம் என்ற தனி நிறங்களில் வந்ததால் எதையும் எதோடும் சேர்க்கலாம். எல்லாவற்றுக்கும் மேலாக, தொகுதியாக வாங்க வேண்டியதில்லை. இந்தச் சம்பளத்தில் இரண்டு தட்டு, அடுத்த மாதம் ஒரு கிண்ணம் என்று ஒரு குடும்பம் தன் பாத்திரத்தைச் சேர்த்துக்கொண்டே போகலாம். உடைந்தால் அந்த ஒன்றை மட்டும் வாங்கலாம். வாங்கும் முறையையே மாற்றியதுதான் கில்தாவின் உண்மையான புதுமை. எளிய வடிவம் அதற்கு வாய்த்த கருவி.

அந்த வரிசையில் ஒரு சிறிய பாலேட்டுக் குடுவை இருந்தது. மற்றவற்றைவிட ஒடுங்கிய உருவம். ஃபின்லாந்து வீடுகளின் ஜன்னல்களுக்கு இரட்டைச் சட்டம் உண்டு, இரண்டு கண்ணாடிகளுக்கும் இடையில் ஒரு கை அகல இடைவெளி இருக்கும். குளிர்சாதனப் பெட்டி வராத காலத்தில் பாலையும் வெண்ணெயையும் அங்கேதான் வைப்பார்கள். அந்த இடைவெளியில் நுழையும்படி குடுவையின் அகலம் தீர்மானிக்கப்பட்டது. ஒரு நாட்டின் தட்பவெப்பம், அதன் கட்டடமுறை, அந்தக் காலத்து வருமானம் எல்லாம் ஒரு குடுவையின் அகலத்துக்குள் வந்து நின்றதற்கு இதைவிட நல்ல சான்று கிடைப்பது அரிது.

அராபியாவை 1947இல் வாங்கிய வார்ட்ஸிலா நிறுவனம், 1793இல் தொடங்கிய நூதாயார்வி கண்ணாடி ஆலையை 1950இல் வாங்கியது. கப்பல் கட்டும் தளங்களுக்கும் அந்த நிறுவனமே சொந்தம். போர் இழப்பீட்டுக்கான கப்பல்களைக் கட்டிய முதலாளியின் கையில்தான் கோப்பையும் குவளையும் இருந்தன. ஃப்ராங்க் நூதாயார்விக்கும் கலை இயக்குநர் ஆனார். கீழே குறுகி மேலே விரியும் கூம்பு வடிவில் 1958இல் அவர் வரைந்த, பின்னால் கார்தியோ என்று பெயர் பெற்ற குவளையில் அலங்காரம் என்று சொல்ல எதுவும் இல்லை. கண்ணாடியின் நிறமே அதன் அழகு.

கில்தாவின் கதையை மட்டும் சொன்னால் ஃபின்லாந்துக் குடும்பங்கள் எல்லாம் வெற்றுத் தட்டில் மனநிறைவு கண்டன என்ற எண்ணம் எழும். உண்மை அப்படி இல்லை. அதே அராபியா ஆலையில் ராய்யா ஊஸிக்கினென், எஸ்தேரி தொமூலா போன்ற பெண் கலைஞர்கள் பூவும் பழமும் மனித உருவமும் வரைந்த பாத்திரங்கள் ஏராளமாக விற்றன. பிர்கெர் கைப்பியாயினென் 1969இல் வரைந்த, பழமும் பூவும் தட்டு நிறைய வழியும் 'பாரதீசி' இன்றும் மக்கள் விருப்பத்துக்குரியது. எளிமைதான் ஃபின்லாந்தின் இயல்பு என்ற கூற்று, பின்னால் வெளிநாட்டுக் கட்டுரைகள் வழியாக வளர்ந்து உள்நாட்டிலும் நம்பப்பட்டது. ஞாயிற்றுக்கிழமை மேசையில் பூ வேண்டும் என்று கேட்டவர்களும் அதே நாட்டினர்தான்.

புகழின் பக்கம் வந்தால், அங்கே முதலில் நிற்பவர் தாப்பியோ விர்க்கலா. 1946இல் ஈத்தாலா கண்ணாடி ஆலை நடத்திய போட்டியில் வென்ற பிறகு அவர் செய்த 'கந்தரெல்லி' பூச்சாடி, காட்டில் விளையும் மஞ்சள் காளானின் உருவம் கொண்டது. மெல்லிய கண்ணாடியின் மேல், காளானின் அடிமடிப்புகளைப் போல நேர்கோடுகள் செதுக்கப்பட்டிருக்கும். விமானங்களுக்குப் பயன்பட்ட பிர்ச் ஒட்டுப்பலகையைக் கட்டையாக அடுக்கி, அதைக் குடைந்து இலை வடிவில் தட்டுகள் செய்தார். அடுக்குகளின் விளிம்புகளே இலை நரம்புகளாகத் தெரியும். அமெரிக்காவின் 'ஹவுஸ் பியூட்டிஃபுல்' இதழ் 1951ஆம் ஆண்டின் மிக அழகிய பொருளாக அந்தத் தட்டைத் தேர்ந்தது. அதே ஆண்டு மிலான் திரியென்னாலே கண்காட்சியில் ஃபின்லாந்து அரங்கை அமைத்தவரும் அவரே, மூன்று பெரும் பரிசுகளைத் தனியாளாக வென்றவரும் அவரே. அவர் மனைவியும் சுட்டமண் கலைஞருமான ருத் ப்ரீக், ஆளிநூல் நெசவாளர் டோரா யுங் ஆகியோரும் பெரும் பரிசு பெற்றார்கள். அடுத்தடுத்த திரியென்னாலேக்களிலும் இந்த வெற்றி தொடர்ந்தது. போரில் தோற்று, கடனில் மூழ்கி, இரும்புத்திரையின் எந்தப் பக்கம் நிற்கிறது என்று மேற்குலகம் சந்தேகத்தோடு பார்த்த ஒரு நாட்டுக்கு இந்தப் பரிசுகள் வெறும் கலைச்செய்தி ஆகவில்லை. அந்த நாட்டு நாளேடுகள் விளையாட்டு வெற்றிபோல அவற்றைக் கொண்டாடின. 1954 முதல் 1957 வரை அமெரிக்காவிலும் கனடாவிலும் சுற்றிய 'ஸ்காண்டிநேவிய வடிவமைப்பு' கண்காட்சியில் ஸ்வீடன், டென்மார்க், நார்வே ஆகியவற்றோடு ஃபின்லாந்தும் இடம்பெற்றது, அது எந்த அணியைச் சேர்ந்த நாடு என்று அமைதியாகச் சொல்வதற்கும் உதவியது.

விர்க்கலாவின் இலைத்தட்டு எத்தனை வீட்டுச் சாப்பாட்டு மேசையில் இருந்திருக்கும்? மிகச் சிலவற்றில்தான். கண்காட்சிக் கண்ணாடிகள் பல ஒற்றைப் படைப்புகள், அல்லது சிறு எண்ணிக்கையில் ஊதி வெட்டப்பட்டவை. ஆயினும் அவற்றை வீட்டுக்கு வெளியே தள்ளிவிடவும் முடியாது. ஈத்தாலா, நூதாயார்வி போன்ற ஆலைகளில் கலைஞருக்குச் சோதனை செய்ய உலையும் ஆளும் தரப்பட்டன, அந்தச் சோதனைகளின் பலன் சில ஆண்டுகள் கழித்து சாதாரணக் குவளையில் இறங்கியது. தீமோ சார்ப்பநேவா 1956இல் வரைந்த 'ஐ' வரிசை இதற்கு எடுத்துக்காட்டு. கலைக்கண்ணாடியின் மென்னிறங்களை அன்றாடக் குவளைக்கும் தட்டுக்கும் கொண்டுவந்த வரிசை அது. அதன் அடையாளமாக அவர் வரைந்த சிவப்பு வட்டத்துக்குள் வெள்ளை எழுத்து, பின்னால் ஆலை முழுவதற்குமே சின்னமாயிற்று. உருகிய கண்ணாடி மர அச்சைக் கருக்கி உண்டாக்கும் மேடுபள்ளத்தை மறைக்காமல், அதையே மேற்பரப்பாக ஏற்றுக்கொண்ட அவரது 1964ஆம் ஆண்டு 'ஃபின்லாந்தியா' வரிசையும், பனி உருகுவதைப் போன்ற மேற்பரப்பு கொண்ட விர்க்கலாவின் 1968ஆம் ஆண்டு 'உல்தீமா தூலே' குவளையும் அதே வழியில் வந்தவை. ஊதுபவரின் மூச்சும் அச்சு செதுக்குபவரின் கையும் இல்லாமல் இவற்றில் எதுவும் நடந்திருக்காது. அந்தத் தொழிலாளர்களின் பெயர்கள் பெரும்பாலும் பதிவாகவில்லை.

மரச்சாமானில் ஆல்டோவுக்குப் பின் வீட்டுக்குள் ஆழமாக நுழைந்தவர் இல்மாரி தாப்பியோவாரா. 1946-47இல் ஹெல்சிங்கியின் தோமுஸ் அகாதெமிகா மாணவர் விடுதிக்காக அவரும் அவர் மனைவி அன்னிக்கியும் வடிவமைத்த நாற்காலி, அழுத்தி வளைத்த பிர்ச் ஒட்டுப்பலகையால் ஆனது. ஒரே நாற்காலியில் மாணவன் படிக்கவும் வேண்டும், சாயவும் வேண்டும், விருந்தினர் வந்தால் அடுக்கி ஒதுக்கவும் வேண்டும். கைப்பிடிகளை மிகக் குறுக்கியதால் மேசைக்குள் முழுக்க இழுத்து உட்கார முடிந்தது. ஏற்றுமதிக்குப் போகும்போது பிரித்து அடுக்கினால் கப்பலில் குறைந்த இடம் போதும். கலைத்தொழில் கல்லூரியின் ஆசிரியராக அவர், மரச்சாமான் என்பது மக்களாட்சிக்குரிய பொருள் என்ற கருத்தைத் தம் மாணவர்களுக்கு விடாமல் கற்பித்தார். பிர்க்கா, ஃபானெத் போன்ற அவரது நாற்காலிகள், உழவர் வீட்டுப் பழைய சாய்வுக்கம்பி நாற்காலியின் வழிவந்தவை.

சாவ்னா என்னும் நீராவிக் குளியலறையை விட்டுவிட்டு ஃபின்லாந்து வீட்டைப் பற்றிப் பேச முடியாது. ஒரு காலத்தில் பிள்ளைப்பேறும், இறந்தவரைக் குளிப்பாட்டுவதும் அங்கேதான் நடந்தன. 1952 ஒலிம்பிக்குக்காகத் திறந்த ஹெல்சிங்கியின் பேலஸ் ஓட்டலின் சாவ்னாவுக்கு அந்தி நூர்மெஸ்னியெமி செய்த முக்காலியின் இருக்கை குதிரை லாடம் போலத் திறந்திருக்கும். ஈரம் வடிந்து போகவும், வெறும் உடம்போடு உட்காரவும் ஏற்ற வடிவம். நவீனத்தின் சின்னமாகப் பேசப்படும் அந்தப் பொருளுக்கு முன்னோடி மாட்டுக் கொட்டிலில் பால் கறக்க உட்காரும் சிறு முக்காலிதான்.

துணிகளின் கதை இன்னும் பழையது. ரூயியூ எனப்படும் நீண்ட முடிச்சிழைப் போர்வை, இடைக்காலம் முதலே படகிலும் படுக்கையிலும் குளிர் காக்கப் பயன்பட்டது. மணமகள் சீராகவும் வந்தது. பின்னர் சுவரில் ஏறியது. 1950களில் எவா ப்ரும்மெர், உஹ்ரா சிம்பெர்க் ஏர்ஸ்ட்ரோம் போன்றோர் பழைய உருவங்களை விட்டு, நிறத்தின் படிநிலைகளையே பொருளாக்கி ரூயியூ வரைந்தார்கள். மிலானில் அவை வென்றன. இங்கே ஒரு வேறுபாடு உண்டு. கண்காட்சி ரூயியூவை வாங்க முடியாத குடும்பம், அதே வடிவமைப்பைக் கம்பளி நூலும் அடித்துணியும் சேர்ந்த பொட்டலமாக வாங்கி, குளிர்கால இரவுகளில் தானே முடிச்சுப் போடலாம். கைவினை நண்பர்கள் சங்கமும் நூல் கடைகளும் அவற்றை விற்றன. தொடக்கப்பள்ளியில் கற்ற கைவேலை இங்கே மீண்டும் வேலைக்கு வந்தது. கலைஞரின் வரைபடமும் இல்லத்தரசியின் கையும் ஒரே பொருளில் சேர்ந்த இந்த ஏற்பாடு, புகழும் புழக்கமும் பிரியாமல் நின்ற அபூர்வ இடம். தரைக்கு இதைவிட எளியது: பழைய சட்டை, போர்வைகளைக் கிழித்து நெய்த கந்தல் விரிப்பு. கோடையில் அவற்றை ஏரிக்கரைத் துறைகளுக்கு எடுத்துச் சென்று பைன் சோப்பால் தேய்த்துக் கழுவுவது பெண்களின் கூட்டு வேலையாக இருந்தது.

கரேலியாவில் பிறந்து, வீபுரியில் நெசவுக்கூடம் நடத்தி, போரால் அதை இழந்த ஆர்மி ராதியா, 1951இல் மரிமெக்கோ நிறுவனத்தைத் தொடங்கினார். மரியின் உடை என்பது பெயரின் பொருள். கணவர் வில்யோ ராதியாவின் மெழுகுத்துணி ஆலை பருத்தியில் அச்சிடும் ஆலையாக மாறியபோது, அந்தத் துணியை என்ன செய்யலாம் என்று காட்டவே உடைகள் தைக்கப்பட்டன. மையா இசோலா பெரிய பெரிய உருவங்களை அச்சுச் சட்டத்துக்குக் கொண்டுவந்தார். 1953இல் சேர்ந்த வூக்கோ நூர்மெஸ்னியெமி, தூரிகையால் இழுத்தது போன்ற கோடுகளை ஒன்றன்மேல் ஒன்று படியவைத்து, இரண்டு சாயத்தில் மூன்றாவது நிறத்தைப் பெற்றார். அந்தத் துணியில் 1956இல் வந்த 'யோகபோய்கா' சட்டை ஆணுக்கென்று வரையப்பட்டுப் பெண்களும் அணிந்தது. இடுப்பைப் பிடிக்காத, குனிந்து நிமிரத் தடையில்லாத உடைகள் அவை. 1960இல் ஜாக்குலின் கென்னடி அவற்றை வாங்கியதும் அமெரிக்காவில் பெயர் பரவியது. 1964இல் இசோலா வரைந்த பெரிய கசகசாப் பூ இன்று திரைச்சீலை முதல் தேநீர்க் கோப்பை வரை எல்லாவற்றிலும் இருக்கிறது.

உலோகத்தில் சொல்ல வேண்டியவை குறைவு, ஆனால் அவை நாள்தோறும் கையில் இருந்தவை. அந்தி நூர்மெஸ்னியெமியின் 1957ஆம் ஆண்டு எனாமல் காப்பிக் கெண்டி, வார்ட்ஸிலாவின் தயாரிப்பு, பளிச்சென்ற நிறங்களில் அடுப்பிலிருந்து நேரே மேசைக்கு வந்தது. சார்ப்பநேவா 1960இல் செய்த வார்ப்பிரும்புப் பானையின் மரக்கைப்பிடியைக் கழற்றினால், அதையே சூடான மூடியைத் தூக்கும் நெம்புகோலாகப் பயன்படுத்தலாம். கொல்லராக இருந்த அவருடைய தாத்தாவின் நினைவு அதில் உண்டு. ஒவ்வொரு ஃபின்லாந்தியரின் இடுப்பிலும் பரம்பரையாகத் தொங்கிய பூக்கோ கத்திக்கு விர்க்கலா 1961இல் புதிய வடிவம் தந்தார். 1967இல் ஃபிஸ்கார்ஸ் நிறுவனத்தின் ஓலோஃப் பேக்ஸ்ட்ரோம், கத்தரிக்கோலுக்கு விரல்களின் வடிவத்தில் பிளாஸ்டிக் பிடி வைத்தார். எந்திரத்தில் மிச்சமிருந்த ஆரஞ்சுப் பிளாஸ்டிக்கில் முதல் மாதிரி வார்க்கப்பட்டது, பிறகு ஆலைக்குள் நடந்த வாக்கெடுப்பிலும் அந்த நிறமே வென்றது.

1960களில் உள்ளிருந்தே கேள்விகள் எழுந்தன. வடிவமைப்பாளரின் பெயரும் புகைப்படமும் பொருளைவிடப் பெரிதாகிவிட்டன என்று ஃப்ராங்க் வெளிப்படையாக எதிர்த்தார். அன்றாடப் பாத்திரம் பலர் சேர்ந்து செய்வது, அதில் ஒருவர் பெயரைப் பொறிப்பது பொய் என்பது அவர் நிலை. தம் பெயரை விளம்பரத்திலிருந்து நீக்கும்படியும் கேட்டார். கலைஞரின் பெயரை முன்னிறுத்தியே ஏற்றுமதி நடந்த காலத்தில் அது துணிச்சலான வாதம். மாணவர்கள் இன்னும் தொலைவு போனார்கள். 1968இல் ஹெல்சிங்கிக்கு அருகே சுவோமென்லின்னா தீவில் நடந்த வட ஐரோப்பிய வடிவமைப்பு மாணவர் கருத்தரங்குக்கு விக்டர் பாபனெக், பக்மின்ஸ்டர் ஃபுல்லர் போன்ற வடிவமைப்புச் சிந்தனையாளர்கள் வந்தார்கள். ஊனமுற்றோருக்கு, குழந்தைகளுக்கு, தொழிற்சாலைத் தொழிலாளிக்கு என்ன செய்தோம் என்ற கேள்வி அங்கே முன்னுக்கு வந்தது. பூச்சாடி வரைவது பழைய தலைமுறையின் வேலையாகத் தெரியத் தொடங்கியது.

1970களின் எண்ணெய் நெருக்கடி உலைகளின் எரிபொருள் செலவைக் கூட்டியது. கில்தாவின் தயாரிப்பு அந்தப் பத்தாண்டின் நடுவில் நின்றது. அதன் சுட்டமண் எளிதில் சில்லு பெயர்வதும், பாத்திரம் கழுவும் எந்திரமும் நுண்ணலை அடுப்பும் வந்துகொண்டிருந்ததும் புதிய பொருளைக் கேட்டன. ஃப்ராங்க் அந்த வடிவங்களைத் திருத்தி, உறுதியான வெள்ளைக் களிமண் கலவையில், தேமா என்ற பெயரில் 1981இல் மீண்டும் கொண்டுவந்தார். அது இன்றும் விற்பனையில் இருக்கிறது. செய்யும் இடங்கள்தான் மாறிவிட்டன. ஆலைகள் கைமாறி, கடைசியில் ஃபிஸ்கார்ஸ் நிறுவனத்தின் கீழ் வந்தன. நூதாயார்வி ஆலை 2014இலும், ஹெல்சிங்கியின் அராபியா ஆலை 2016இலும் உற்பத்தியை நிறுத்தின. ஈத்தாலா கிராமத்தில் கண்ணாடி உலை இன்னும் எரிகிறது. பழைய கில்தா கிண்ணங்களும் எனாமல் கெண்டிகளும் நகரங்களின் பழம்பொருள் சந்தைகளில் கைமாறுகின்றன. உலர்த்தும் அலமாரிக்கு மட்டும் சந்தையும் அருங்காட்சியகமும் தேவைப்படவில்லை. ஃபின்லாந்தில் இன்று கட்டப்படும் அடுக்ககத்திலும் கழுவுதொட்டிக்கு மேலே உள்ள கதவைத் திறந்தால், கம்பிகளுக்கு இடையே தட்டுகள் செங்குத்தாக நின்று நீர் வடித்துக்கொண்டிருக்கும்.